மழைத்துளிக்குப் பின்னால் ஒரு விளக்கு

"கொட்டுகிற மழையில் நிறுத்தி போர்ட்ரெய்ட் எடுத்தேன். ஆள் தொப்பலாக நனைந்திருக்கிறார், படத்தில் மழையைத்தான் காணோம்." ஐப்பசி அடைமழை தொடங்கினாலே இந்தப் புகாரும் வந்துவிடும். கேமரா மேல் தப்பில்லை.

2 மில்லிமீட்டர் துளி ஒன்று நொடிக்குச் சுமார் 6.5 மீட்டர் வேகத்தில் விழுகிறது. ஷட்டர் 1/60 நொடி திறந்திருந்தால் அதற்குள் 11 சென்டிமீட்டர் இறங்கி, படத்தில் ஒரு கோடாகப் பதியும். ஆனால் படத்தின் எந்த ஒரு புள்ளியையும் அது மறைத்திருப்பது நொடியில் மூவாயிரத்தில் ஒரு பங்குதான். மிச்ச நேரமெல்லாம் பின்னணியின் வெளிச்சம் அந்த இடத்தில் கொட்டிக்கொண்டிருக்கிறது. கோட்டின் பளிச்சென்ற தன்மை ஐம்பதில் ஒரு பங்காகக் கரைந்துபோகிறது. பின்னால் வெள்ளை வானம் வேறு இருந்துவிட்டால் சுத்தம்.

சரி, ஷட்டரை 1/1000-க்கு ஏற்றினால்? துளி அரை சென்டிமீட்டர் சொச்சம் நீளமுள்ள கீறலாகிவிடும். மழை மாதிரி இருக்காது, லென்ஸில் தூசி மாதிரி இருக்கும். கேமரா மேலிருக்கும் ஃபிளாஷைப் போடுவது அதைவிட மோசம். லென்ஸிலிருந்து 30 சென்டிமீட்டரில் விழும் துளிக்கு, 3 மீட்டரில் நிற்கும் முகத்தைவிட நூறு மடங்கு வெளிச்சம் கிடைக்கிறது. ஃபோகஸில் இல்லாத அந்தத் துளிகள் வெள்ளை வட்டங்களாக ஊதிப்பெருகும். வாட்ஸ்அப்பில் 'ஆவி' என்று சுற்றுகிற படங்களில் பல இதே வட்டங்கள்தான். பயந்து கும்பிடுவதற்கு முன் ஃபிளாஷை அணைத்துவிட்டு இன்னொரு படம் எடுத்துப் பார்க்கலாம்.

வழி, வெளிச்சத்தைப் பின்னால் கொண்டுபோவது. துளி, முகம் பார்க்கும் கண்ணாடி போல ஒளியைத் திருப்பி அனுப்பும் பொருளல்ல, அது ஒரு லென்ஸ். நேராக விழும் ஒளியில் 2 சதவீதம்தான் அதன் முகத்தில் பட்டுத் திரும்பும். மற்றதில் பெரும்பகுதி உள்ளே புகுந்து, வளைந்து, மறுபக்கம் வெளியேறுகிறது. அப்படி வெளியேறும் கதிர் தன் பாதையிலிருந்து அதிகபட்சம் 82 டிகிரிதான் விலகும். அதாவது, கேமராவிலிருந்து பார்க்கையில் ஒவ்வொரு துளியும் தனக்குப் பின்னால் இருக்கும் உலகத்தை, சுமார் 165 டிகிரி அகலத்துக்கு, தலைகீழாகச் சுருக்கி வைத்திருக்கிறது. பின்னணி கருப்பாக இருந்தாலும், ஃபிரேமுக்கு வெளியே ஒளிந்திருக்கும் விளக்கைத் துளி பார்த்துவிடும். கருப்பின் மேல் அது மின்னுவது அதனால்தான். 2004-இல் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் கார்க், நாயர் என்ற இரு ஆய்வாளர்கள் இந்தக் கணக்கைப் போட்டது, வீடியோவிலிருந்து மழையை நீக்குவதற்காக. மழைத்துளியை ஆராய்வதற்கெல்லாம் பணமா என்று கேட்பவர்கள், அடைமழையில் கண்காணிப்புக் கேமரா பதிந்ததை ஒருமுறை பார்க்க வேண்டும்.

செய்முறைக்கு வருவோம். அடர்ந்த மரமோ இருண்ட சுவரோ பின்னணியாக இருக்கட்டும். ஆளுக்கு 2 மீட்டர் பின்னால், அவர் முதுகு மறைக்கும்படி, ஃபிளாஷை கேமராவைப் பார்த்து நிறுத்துங்கள். பக்கவாட்டில் தள்ளினாலும் 30 டிகிரியைத் தாண்ட வேண்டாம், வெளிச்சம் குறைந்துகொண்டே போகும். பவர் 1/16, அதாவது முழு வலுவில் பதினாறில் ஒரு பங்கு, போதும். அந்த அளவில் பல ஃபிளாஷ்கள் நொடியில் பத்தாயிரத்தில் ஒரு பங்கு அளவுக்கே எரியும், துளி ஒரு மில்லிமீட்டர்கூட நகராமல் முத்தாக உறையும். ஷட்டர் 1/200, ஐஎஸ்ஓ (கேமராவின் ஒளியுணர்திறன்) 400, லென்ஸின் துளை எஃப் 5.6 (எண் குறையக் குறையத் துளை அகலும்). ஆசை ஆசையாக எஃப் 1.8 லென்ஸ் வாங்கியவர்களுக்கு இது கசக்கும். ஆனால் துளையை அகலத் திறந்தால் ஃபோகஸுக்குள் வரும் துளிகள் குறைந்து, மீதி மழை மங்கிப் பரவிவிடும். முகம் இருண்டால் முன்னால் ஒரு வெள்ளை தெர்மாகோல் அட்டையைப் பிடிக்கச் சொல்லுங்கள்.

ஃபிளாஷுக்குள் சுமார் 300 வோல்ட் மின்தேக்கி இருக்கிறது. நனையாமல் இருக்க அதைத் தெளிவான பிளாஸ்டிக் பையில் போட்டு, வாயைக் கீழ்ப்பக்கம் வைத்து ரப்பர் பேண்டால் கட்டுங்கள். ஏசி அறையிலிருந்து கேமராவை எடுத்துவந்தால், கேமரா பையைத் திறக்காமல் அரை மணி நேரம் வெளியே வையுங்கள். இல்லாவிட்டால் லென்ஸ் வியர்த்துவிடும். இடி கேட்டால் மூட்டை கட்டிவிட வேண்டியதுதான்.

முத்து வேண்டாம், கோடுதான் வேண்டும் என்றால் ஃபிளாஷ் தேவையில்லை. பின்னால் ஒரு கார் ஹெட்லைட்டும் 1/125 ஷட்டரும் போதும். 5 சென்டிமீட்டர் கோடுகள் விழும். மஞ்சள் சோடியம் விளக்கு மிச்சமிருக்கும் தெரு கிடைத்தால் அதை விடாதீர்கள். 50 ஹெர்ட்ஸ் மின்சாரத்தில் அது நொடிக்கு 100 முறை கூடிக் குறைகிறது. ஆளை அசையாமல் நிறுத்தி 1/25-இல் எடுத்தால், ஒவ்வொரு கோடும் நான்கு மணி கோத்த சரமாகத் தெரியும். முகத்தருகே விழுந்த கோட்டில் அடுத்தடுத்த இரண்டு மணிகளுக்கு நடுவே உள்ள தூரத்தை, முகத்தின் அகலத்தை அளவுகோலாக வைத்து அளந்து 100-ஆல் பெருக்குங்கள். அந்தத் துளி விழுந்த வேகம் கையில் வந்துவிடும்.