ஐனுலிந்தலே: 'படைப்புப் பாடல்' அல்ல, தூயோர் இசை

ஆங்கில எழுத்தாளர் டோல்கீன் தன் கற்பனை உலகுக்கு எழுதிய தொன்மக் கதைகளின் தொகுப்பான 'சில்மரில்லியன்' பற்றிய தமிழ்க் கட்டுரை ஒன்றில் மறுபடியும் அதே சொல்லைப் பார்த்தேன்: 'படைப்புப் பாடல்'. நூலின் முதல் பகுதியான ஐனுலிந்தலேக்குத் தமிழில் இந்தப் பெயரே நிலைத்துவிடும்போல் இருக்கிறது. கொஞ்சம் மெருகு வேண்டுவோர் 'சிருஷ்டி கீதம்' என்கிறார்கள். இரண்டுமே தவறு. கதையின் அடித்தளத்தையே மாற்றிவிடும் தவறு என்பதால்தான் இவ்வளவு வருத்தம்.

சொற்பிறப்பு எளிது. குவென்யா, தன் கதைகளில் வரும் எல்ஃப் இனத்தாருக்காக டோல்கீன் உருவாக்கிய மொழிகளில் ஒன்று. அதில் 'ஐனு' என்றால் தூயவர், பன்மை 'ஐனுர்'. 'லிந்தலே' என்றால் இசை. இரண்டும் சேர்ந்தால் ஐனுலிந்தலே, தூயோரின் இசை. 'ஐனுர்' ஏற்கெனவே பன்மை. நம் 'மாந்தர்' போலவே ரகர ஒற்றில் முடிவது தற்செயலாக அமைந்த அழகு. அதன்மேல் இன்னொரு பன்மையை ஏற்றி 'ஐனூர்கள்' என்று எழுத வேண்டியதில்லை. நூல் 1977இல்தான் வெளிவந்தது என்றாலும், இந்தப் பகுதியின் முதல் வடிவத்தை டோல்கீன் எழுதியது முதல் உலகப் போர் முடிந்தபின், ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதிப் பணியில் இருந்த காலத்தில். பகலெல்லாம் சொற்களின் வேரைத் தோண்டியவர் வைத்த பெயர் இது. அவர் 'இசை' என்று சொன்ன இடத்தில் நாம் 'படைப்பு' என்று ஏன் எழுத வேண்டும்?

அந்த இசை எதையும் படைக்கவில்லை. கதையைப் படித்தவருக்கு இது தெரியும். முழுமுதற்கடவுளான இலூவத்தர், தாம் முதலில் படைத்த ஆவிகளான ஐனுருக்கு ஓர் இசைக் கருப்பொருளைக் கொடுக்கிறார். அவர்கள் தத்தம் கற்பனையால் அதை விரித்து இசைக்கிறார்கள். அவர்களில் ஒருவனான மெல்கோர் தன் போக்கில் இசைத்துக் குறுக்கிட, இரண்டாவது கருப்பொருள், பிறகு மூன்றாவது. முடிவில் இசை நிற்கிறது. உலகம் இன்னும் இல்லை. இசைத்தது என்ன என்பதை இலூவத்தர் அவர்களுக்குக் காட்சியாகக் காட்டுகிறார். அந்தக் காட்சியும் மறைகிறது. அதன்பின் அவர் சொல்லும் 'எஆ', அதாவது 'உளதாகுக' என்ற ஒரே சொல்லில்தான் உலகம் உண்டாகிறது. அதற்குள் இறங்கிய ஐனுரோ திகைத்துப்போகிறார்கள். தாங்கள் பாடிய மலையும் கடலும் அங்கே இல்லை. எல்லாவற்றையும் யுகக்கணக்கில் உழைத்துத்தான் உருவாக்க வேண்டியிருக்கிறது. இசை, காட்சி, சொல், உழைப்பு என்ற நான்கு படிகளை 'படைப்புப் பாடல்' ஒரே படியாக்கிவிடுகிறது. பாடினார்கள், உலகம் பிறந்தது என்று வாசகர் நம்பிவிடுகிறார். 'பிரபஞ்ச கானம்' என்பதற்கும் இதே மறுப்புதான். அவர்கள் இசைத்தபோது பிரபஞ்சம் ஏது?

'பாடல்' என்ற பகுதியும் பொருந்தவில்லை. பாடல் என்றதும் தமிழ் வாசகர் வரிகளைத் தேடுவார். ஐனுரின் குரல்கள் யாழ்போலவும் குழல்போலவும் எக்காளம்போலவும் ஒலித்தன. சொற்களோடு பாடும் பெருங்குழுக்களின் ஒலி அவற்றுள் ஒன்று மட்டுமே. 'கீதம்' என்றால் நினைவுக்கு வருவது தேசிய கீதம். கர்நாடக இசை பயில்வோருக்கோ அது அலங்காரம் முடித்த குழந்தைகள் கற்கும் தொடக்க உருப்படி. காலத்துக்கு முந்தைய பேரிசைக்கு அந்தப் பெயரா?

ஐனுரை 'தேவர்', 'வானோர்' என்று எழுதுவதும் உண்டு. வானே தோன்றாத காலத்தில் இருந்தவர்கள் எப்படி வானோர் ஆவார்கள்? 'புனிதர்' என்றால் மனிதராக வாழ்ந்து மறைந்தவரைக் குறித்துவிடும். 'தூயோர்' இந்தச் சுமைகள் இல்லாத சொல். அதனால் 'தூயோர் இசை' என்கிறேன்.

'இசை' என்ற சொல்லுக்காக நான் வாதாடுவது அது தமிழ்ச் சொல் என்பதற்காக மட்டும் அல்ல. இசைதல் என்றால் உடன்படுதல், பொருந்துதல். அரங்கேற்று காதையில் இளங்கோவடிகள் குழலின் வழி யாழையும், யாழின் வழி தண்ணுமையையும், தண்ணுமையின் வழி முழவையும் நிற்க வைக்கிறாரே, அந்தப் பொருத்தம்தான் இசை. ஐனுலிந்தலேயின் கதையும் அதுவே: யார் இசைந்தார், யார் இசையவில்லை. இந்த இரட்டைப் பொருள் தமிழுக்குத் தானாகக் கிடைக்கிறது. அதைக் கைவிட்டு 'சிருஷ்டி'யைத் தேடிப் போகிறார்கள்.

மெல்கோரின் செயலை 'அபசுரம்' என்று எழுதுவதும் இதே அவசரத்தின் விளைவு. அபசுரம் என்பது சுரம் பிசகியவரின் குறை. மெல்கோர் ஐனுரிலேயே பேராற்றல் கொண்டவன். பிசகவில்லை, வேண்டுமென்றே தன் எண்ணத்தை நுழைத்தான். அருகில் இருந்தவர்களில் சிலர் அவனுக்கேற்பத் தங்கள் இசையை மாற்றிக்கொண்டார்கள். அதை 'இசையாமை' என்றோ 'முரணிசை' என்றோ சொல்லலாம். அவனுடைய ஆரவாரத்தின் உச்ச ஒலிகளைக்கூட மூன்றாவது கருப்பொருள் எடுத்துத் தன்னோடு இசைவித்துக்கொள்கிறது. 'அபசுரம்' என்று எழுதிய மொழிபெயர்ப்பாளர் அந்த இடத்தில் என்ன செய்வார்? சுருக்கத்தைப் படித்துவிட்டுச் சொல்லாக்கம் செய்கிறவர்களுக்கு அந்த இடம் வரும் என்பதே தெரிவதில்லை.

அந்த இசையின் எதிரொலி உலகில் வேறெதையும்விட நீரில்தான் மிகுதியாக வாழ்கிறது என்கிறது கதை. எதைக் கேட்கிறோம் என்று அறியாமலே பலர் கடலின் குரலைக் கேட்டுத் தீராமல் நிற்கிறார்கள். அந்த வரியில் 'படைப்புப் பாடலின் எதிரொலி' என்று ஒருமுறை போட்டுப் படித்துப் பாருங்கள். பிறகு 'இசையின் எதிரொலி' என்று படியுங்கள்.