நிலையான வடிவமைப்பு என்றால் நெகிழிப் பைதான்

‘நிலையான வடிவமைப்பு’ என்ற தொடரைக் கண்காட்சி அழைப்பிதழ்களிலும் கல்லூரிப் பாடத்திட்டங்களிலும் கட்டுமான விளம்பரங்களிலும் படித்துப் படித்து அலுத்துவிட்டது. அண்மையில் ஒரு கருத்தரங்கின் வாசலில் இதே தொடரை ஆளுயரப் பிளெக்ஸ் பலகையில் அச்சிட்டுக் கட்டியிருந்தார்கள். பி.வி.சி. பூசிய பிளெக்ஸ் எளிதில் மட்காது. நிலையானது என்ற சொல் அந்த வளாகத்தில் உண்மையாகப் பொருந்திய ஒரே பொருள் அந்தப் பலகைதான்.

ஆங்கிலத்தின் ‘சஸ்டெய்னபிள்’ என்பதைத்தான் ‘நிலையான’ என்று பெயர்க்கிறார்கள். லத்தீனில் ‘சுப்’ என்றால் கீழே, ‘தெனேரே’ என்றால் பிடித்தல். இரண்டும் சேர்ந்து ‘சுஸ்தினேரே’, கீழிருந்து தாங்கிப் பிடித்தல். சொல்லின் பிறப்பு அவ்வளவுதான். கருத்தின் பிறப்பு காட்டில் நடந்தது. ஜெர்மனியின் சாக்சனிப் பகுதியில் சுரங்கங்களுக்கும் உருக்காலைகளுக்கும் மரம் வெட்டி வெட்டிக் காடுகள் கரைந்துகொண்டிருந்தன. அங்கே சுரங்க நிர்வாகியாக இருந்த ஹான்ஸ் கார்ல் ஃபான் கார்லோவிட்ஸ் 1713இல் காடு வளர்ப்பு பற்றி ஒரு நூல் எழுதினார். வளர்கிற அளவுக்குள் வெட்டுங்கள், அப்போதுதான் காடு தொடர்ந்து மரம் தரும் என்பது அதன் சாரம். 1987இல் நார்வேயின் குரோ ஹார்லம் புருண்ட்லாண்ட் தலைமையிலான ஐ.நா. ஆணையம் அதையே விரித்தது: இன்றைய தேவை நிறைவேற வேண்டும், ஆனால் வருங்காலத் தலைமுறை தன் தேவையை நிறைவேற்றிக்கொள்ளும் ஆற்றலுக்கு ஊறு வரக்கூடாது.

இந்த வரலாற்றில் பொருள் நிலைத்து நிற்பதைப் பற்றி எங்கேயாவது பேச்சு இருக்கிறதா? மரம் நிலையாக நிற்கட்டும் என்று கார்லோவிட்ஸ் சொல்லவில்லை, வெட்டத்தான் சொன்னார். குறையாமல் இருக்க வேண்டியது காட்டின் வளம்.

இப்போது ‘நிலையான’ என்ற சொல்லைப் பொருத்திப் பாருங்கள். கந்தல் கந்தலாகிக் கண்ணுக்குத் தெரியாத துகளானாலும் நெகிழிப் பை மண்ணை விட்டுப் போகாது, அது நிலையானது. வாழையிலை ஒரு வேளைச் சாப்பாட்டுக்கு மேல் தாங்காது. மாடு தின்னும், அல்லது மட்கி எருவாகும், அடுத்த குருத்து விரியும். இந்த மொழிபெயர்ப்பின்படி நெகிழிப் பை சிறந்த வடிவமைப்பு, வாழையிலை தோற்றுப்போன வடிவமைப்பு. சொல்லவந்த கருத்தையே தலைகீழாக்கும் சொல்லைக் கலைச்சொல் என்று எப்படி ஒப்புக்கொள்வது?

‘அகராதியில் இருக்கிறதே’ என்பார்கள். இருக்கும். ஆனால் நிலைத்தன்மை என்ற சொல் கட்டடப் பொறியியலில் ஏற்கெனவே வேறு வேலை பார்த்துக்கொண்டிருக்கிறது: சுவர் சரியாமல், தூண் சாயாமல் இருப்பது. கட்டடக்கலைஞர் லாரி பேக்கர் கேரளத்தில் பரப்பிய ‘எலிப்பொறிக் கட்டு’ முறையை எடுத்துக்கொள்வோம். செங்கல்லைப் படுக்கவைக்காமல் பக்கவாட்டில் நிறுத்தி, சுவருக்குள் வெற்றிடம் விட்டுக் கட்டுவது அது. ஏறக்குறைய நாலில் ஒரு பங்கு செங்கல் மிச்சமாகும். உள்ளே அடைபட்ட காற்று வெயிலையும் தடுக்கும். செங்கல் குறைந்தால் சூளையில் எரியும் விறகும் குறையும். இதைத் தமிழில் எழுத வேண்டுமென்றால், ‘சுவரின் நிலைத்தன்மை கெடாமல் செங்கல்லை மிச்சப்படுத்தும் முறை’ என்று எழுத வேண்டும். அதே வாக்கியத்தில் ‘எனவே இது நிலையான வடிவமைப்பு’ என்றும் சேர்த்தால் படிப்பவர் எதை எதென்று எடுத்துக்கொள்வார்? பெருநிறுவனங்கள் ஆண்டுதோறும் ‘நிலைத்தன்மை அறிக்கை’ வெளியிடுகின்றன. கம்பெனி திவாலாகாது என்று உறுதி சொல்கிறார்களோ என்றுதான் எனக்குத் தோன்றும்.

சரி, ‘நீடித்த’? அரசுத் தமிழில் ‘நீடித்த வளர்ச்சி இலக்குகள்’ என்று பரவியிருக்கிறது. இதுவும் காலத்தின் நீளத்தைத்தான் சொல்கிறது. நீடித்த காய்ச்சல், நீடித்த வழக்கு, நீடித்த இழுபறி என்று நாம் சொல்வதில் பாதி, சீக்கிரம் முடிந்தால் தேவலை என்று நினைப்பவை. மேலும், ‘நீடித்து உழைக்கும்’ என்பது மிக்சி விளம்பரம் வரை வந்து ஊன்றிய தொடர். அந்தக் குணமும் வடிவமைப்புக்கு வேண்டியதுதான். 1924இல் பெரிய பல்பு நிறுவனங்கள் ஜெனிவாவில் கூடி, பல்பின் ஆயுளை 1,000 மணி நேரத்துக்குள் அடக்கக் கூட்டுச் சேர்ந்தன. அது நீடித்து உழைப்பதற்கு எதிரான வடிவமைப்பு. ஆக நீடித்து உழைப்பதும் வளத்தைக் குறையாமல் காப்பதும் வேறு வேறு குணங்கள், இரண்டுக்கும் தனித்தனிச் சொல் தேவை. எதற்கும் இருக்கட்டும் என்று ‘நீடித்த நிலையான’ என இரண்டையும் அடுக்குகிறவர்களும் உண்டு. தவறான இரண்டு சொற்களைச் சேர்த்தால் சரியான ஒன்று கிடைத்துவிடாது.

‘பேண்தகு’ கொஞ்சம் படித்தவர்களின் தேர்வு. ஓசை நன்றாக இருக்கிறது, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் தகு என்பது தகுதியைக் குறிக்கும். பாராட்டத்தகு என்றால் பாராட்டத் தகுந்தது. பேண்தகு வடிவமைப்பு என்றால் பேணிக் காக்கத் தகுந்த வடிவமைப்பு. பழைய கோயில் தேரும் பத்தமடைப் பாயும் நினைவுக்கு வருகின்றன. பேணப்படுவது எது என்பதில்தான் கோளாறு. நாம் பேண வேண்டியது மண்ணையும் நீரையும். இந்தச் சொல்லோ வடிவமைப்பைப் பேணச் சொல்கிறது. ஆங்கிலச் சொல்லை முன்பாதி பின்பாதி என்று வெட்டி, ஒவ்வொரு துண்டுக்கும் தமிழ் ஒட்டினால் இப்படித்தான் ஆகும். நம் மொழிபெயர்ப்பாளர்களில் பலர் கருத்தைப் பார்ப்பதே இல்லை, எழுத்துக்கூட்டைத்தான் பார்க்கிறார்கள். ‘மீண்டும் மஞ்சப்பை’ என்று 2021இல் தமிழ்நாடு அரசு ஒரு திட்டத்துக்குப் பெயர் வைத்தது. யோசித்தவர் ஆங்கில வழியாகச் சுற்றிவரவில்லை போலிருக்கிறது. யாருக்கும் விளக்கம் தேவைப்படவில்லை.

என் பரிந்துரை வளங்குன்றா வடிவமைப்பு. இதை நான் உருவாக்கவில்லை. ‘வளங்குன்றா வளர்ச்சி’ என்று முன்பே சிலர் எழுதிவருகிறார்கள். அதற்கும் முன்பே வள்ளுவர் எழுதிவிட்டார். ‘கேடறியாக் கெட்ட இடத்தும் வளங்குன்றா நாடென்ப நாட்டின் தலை’ என்பது 736ஆம் குறள். கேடு வந்தாலும் வளம் குறையாத நாடே தலையானது. வான்சிறப்பில் மறுபக்கம்: ‘ஏரின் உழாஅர் உழவர் புயலென்னும் வாரி வளங்குன்றிக் கால்’. மழையின் வளம் குன்றினால் ஏர் நின்றுபோகும். சாக்சனிக்காரரின் கவலைக்கு இதைவிட நெருங்கிய சொல் வேறு எங்கே தேடுவது?

மறுப்பு ஒன்று உண்டு. வளம் என்றால் மண், நீர், கனிமம் என்று போய்விடுமே, மனிதர் எங்கே என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. 2013 ஏப்ரலில் டாக்காவுக்கு அருகே ராணா பிளாசா கட்டடம் இடிந்து 1,100க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். பெரும்பாலோர் ஆடைத் தொழிலாளர்கள். அப்படிப்பட்ட கட்டடத்தில், ரசாயன உரம் படாத பருத்தியில் சட்டை தைத்தாலும் அதை நல்ல வடிவமைப்பு என்று சொல்ல முடியாது. அதற்குத்தான் ‘சமூகப் பொறுப்புள்ள’ என்ற அடைமொழி தனியாக இருக்கிறது. ஒரே சொல்லில் எல்லாவற்றையும் திணிக்க வேண்டியதில்லை. ஆனால் ‘சமூக ரீதியாகப் பொறுப்பான’ என்று மட்டும் எழுதாதீர்கள், அது ஆங்கிலத்துக்குத் தமிழ்ச் சட்டை மாட்டியது.

பொறுப்பு என்ற சொல்லிலேயே பொறுத்தல், அதாவது சுமத்தல், இருக்கிறது. லத்தீன் ‘சுஸ்தினேரே’ வேண்டுமென்று அடம்பிடிப்பவர்கள் அதை இங்கே கண்டுகொள்ளலாம். வடிவமைப்பாளர் விக்டர் பாப்பனெக் இந்தப் பொறுப்பை ரேடியோவாகவே செய்து காட்டினார். ஒரு மாணவருடன் சேர்ந்து, பயன்படுத்தி எறிந்த தகர டப்பாவுக்குள், மெழுகோ சாணமோ எரித்த வெப்பத்தில் இயங்கும் கருவியாக அதை அமைத்தார். அடக்கவிலை 9 அமெரிக்க சென்ட். டப்பாவுக்கு வர்ணம் பூசாமல் விட்டார். வாங்குகிற ஊர்க்காரர் தமக்குப் பிடித்த மாதிரி அலங்கரித்துக்கொள்ளட்டும் என்பது எண்ணம். ஜெர்மனியில் சில வடிவமைப்பாளர்கள் அது அசிங்கமாக இருக்கிறது என்று முகம் சுளித்தார்களாம்.

இலங்கையில் ‘நிலைபேறான அபிவிருத்தி’ என்பது அரசு ஆவணங்களில் வேரூன்றிவிட்டது. நிலைபேறு என்றாலும் நிலைத்திருத்தல்தான், குறை அதேதான். ஆனாலும் அங்கே அது பழகிப்போய்விட்டது. அதைக் கலைக்கச் சொல்ல எனக்கு மனமில்லை. இங்கேதான் ஒரே பக்கத்தில் நாலு சொல்.

எழுதும்போது ஒன்றைக் கவனியுங்கள். வளங்குன்றா என்பது ஈறுகெட்ட எதிர்மறைப் பெயரெச்சம். பின்னால் வல்லினம் வந்தால் ஒற்று மிகும். வளங்குன்றா வடிவமைப்பு, வளங்குன்றா வேளாண்மை, ஆனால் வளங்குன்றாக் கட்டடக்கலை. பெயராக வேண்டுமென்றால் வளங்குன்றாமை.