கல் கிடந்த இடம்தான் சான்று: கொசஸ்தலையாற்றுப் படுகையில் கற்கருவி கண்டால்

திருவள்ளூர் மாவட்டத்தில் கொசஸ்தலையாற்றின் ஓடைகளை ஒட்டி நடப்பவர்கள் கண்ணில் கைக்கோடாரி (ஆதி மனிதர் இரு பக்கமும் செதுக்கிய கற்கருவி) படுவது அதிசயமில்லை. மழைக்காலம் முடிந்ததும் கரை சரிந்து கற்கள் வெளியே வரும். பார்த்தவர் எடுக்கிறார், கழுவுகிறார், உள்ளங்கையில் வைத்துப் படம் பிடிக்கிறார், ஊர்ப் பெயரோடு முகநூலில் போடுகிறார். ஆர்வத்தைக் குறை சொல்ல முடியாது. ஆனால் இந்த நான்குமே கெடுதல்.

புவியியலாளர் ராபர்ட் புரூஸ் ஃபூட் 1863 மே 30 அன்று பல்லாவரத்தில் முதல் கற்கருவியைக் கண்டார். அதே ஆண்டு செப்டம்பரில் சக புவியியலாளர் வில்லியம் கிங்குடன் கொசஸ்தலையாற்றுப் படுகையில் உள்ள அத்திரம்பாக்கத்தை அடைந்தார். அங்கே ஓடை அரித்த பள்ளங்களில் ஒரு களிமண் அடுக்கு தெரியும். அதை டைனோசர் காலத்துப் பாறை என்று நெடுங்காலம் எண்ணியிருந்தார்கள். அதற்குள் கருவி கிடந்தால் மேலிருந்து இறங்கியதாகத்தான் இருக்கும் என்று கணக்குப் போட்டார்கள். தொல்லியலாளர்கள் சாந்தி பப்புவும் குமார் அகிலேஷும் 1999 முதல் நடத்திய அகழாய்வில் அது வெள்ளம் கொண்டுவந்து படிந்த வண்டல் என்றும், கருவிகள் அதனுள்ளேயே புதைந்தவை என்றும் தெரிந்தது. அந்த அடுக்கின் வயது சுமார் 15 லட்சம் ஆண்டுகள் என்று 2011இல் அறிவித்தார்கள். 150 ஆண்டுகளாக அருங்காட்சியகப் பெட்டிகளில் இருந்த கருவிகளைப் பார்த்து இந்த முடிவுக்கு வந்திருக்க முடியாது. மண்ணில் அவை இருந்த நிலைதான் அதைச் சொன்னது.

அந்த வயதை எப்படிக் கணித்தார்கள் என்று தெரிந்தால், ஏன் எடுக்கக் கூடாது என்பதும் விளங்கும். தரையில் கிடக்கும் குவார்ட்ஸ் கல்லில் விண்வெளிக் கதிர்கள் பட்டு அலுமினியம்-26, பெரிலியம்-10 என்ற இரு கதிரியக்க அணுக்கள் உருவாகின்றன. கல் ஆழத்தில் புதைந்ததும் இந்த உற்பத்தி ஏறக்குறைய நின்றுவிடும். அலுமினியம் சுமார் 7 லட்சம் ஆண்டுகளில் பாதியாகும்; பெரிலியத்துக்குச் சுமார் 14 லட்சம் ஆண்டுகள் ஆகும். இரண்டின் விகிதம்தான் கடிகாரம். ஆனால் புதைந்த பிறகும் எவ்வளவு கதிர் ஊடுருவியது என்பது கல் எத்தனை மீட்டர் மண்ணுக்கடியில் இருந்தது என்பதைப் பொறுத்தது. வீட்டு அலமாரிக்கு வந்துவிட்ட கல்லுக்கு அந்த ஆழத்தை யார் சொல்வது?

வயதைக் கணிக்கும் இன்னொரு வழியான ஒளிர்வு முறை இன்னும் நுட்பமானது. அதில் கல்லை விட்டுவிட்டு, அதைச் சுற்றியுள்ள மணல் துகள் கடைசியாக வெயில் கண்டது எப்போது என்று அளக்கிறார்கள். கரைச்சுவரில் இரும்புக் குழாயை அடித்து இறக்கி, வெளிச்சம் படாமல் மூடி எடுத்து, ஆய்வகத்தின் மங்கிய சிவப்பு விளக்கில்தான் திறப்பார்கள். சுவரில் துருத்திக்கொண்டிருக்கும் கருவியை நோண்டி எடுப்பவர் அதைச் சுற்றியுள்ள மண்ணையும் கலைத்துவிடுகிறார்.

இன்னொரு சேதம் பலர் கண்ணுக்குத் தெரிவதில்லை. அத்திரம்பாக்கத்தில் சுமார் 3.85 லட்சம் ஆண்டுகளுக்கு முன்பே பெரிய கைக்கோடாரிகள் குறைந்து, சிறிய செதில் கருவிகள் (கல்லைத் தட்டும்போது பெயரும் சில்லில் செய்தவை) பெருகியது 2018இல் தெரியவந்தது. ஆக, ஒரு திடலில் பெரியதும் சிறியதும் என்ன விகிதத்தில் கிடக்கின்றன என்பது காலத்தைக் காட்டும் குறிகளில் ஒன்று. அழகான கைக்கோடாரிகளை மட்டும் பொறுக்கிக்கொண்டு போனால், மிச்சமிருப்பதைப் பார்ப்பவருக்கு அந்த இடம் உண்மையைவிடப் பிந்தையதாகத் தோன்றலாம்.

கருவி எது, வெறும் கல் எது? மனிதர் தட்டி உடைத்த செதிலின் ஒரு முனையில் அடி விழுந்த தட்டையான மேடை இருக்கும். அதற்குச் சற்றுக் கீழே உள்பக்கத்தில் ஒரு குமிழ் புடைத்திருக்கும். அங்கிருந்து மெல்லிய அலைவரிகள் விரியும். கைக்கோடாரியில் இரு முகங்களிலும் ஓரம் நெடுக மாறி மாறிச் செதில் எடுத்த தழும்புகள் தெரியும். ஆற்றில் உருண்ட கல்லிலும் சில்லு பெயரும். ஆனால் அது ஒழுங்கில்லாமல் அங்கங்கே இருக்கும். ஜேசிபியின் பல் பட்ட உடைவு வெளிறிக் கிடக்கும். பழைய தழும்பில் மண்கறை ஏறியிருக்கும். ஒரே ஒரு செதிலை வைத்துத் தீர்ப்புச் சொல்ல அனுபவசாலிகளும் தயங்குவார்கள்.

கண்டால் கையை வைக்காமல் பக்கத்தில் ஒரு பத்து ரூபாய் நாணயத்தை வையுங்கள். அதன் குறுக்களவு 27 மில்லிமீட்டர் என்பதால் அளவுகோலாகிவிடும். கைபேசியில் இருப்பிட வசதியைப் போட்டுக்கொண்டு மூன்று படங்கள் எடுங்கள்: கிட்டத்தில் ஒன்று, நின்றபடி ஒன்று, கரையும் ஒரு மின்கம்பமோ மரமோ தெரியும்படி தூரத்திலிருந்து ஒன்று. திறந்த வெளியில் இருப்பிடக் கணக்கு சில மீட்டர் பிசகும், மரத்தடியில் இன்னும் அதிகம். மூன்றாவது படம் அதற்காகத்தான். பிறகு குறித்துக்கொள்ள வேண்டியவை: கல் தரைமேல் கிடந்ததா, சுவரில் பதிந்திருந்ததா, சரளையா, களியா, செம்மண்ணா, மேல்தரையிலிருந்து எவ்வளவு ஆழம், ஓரம் கூராக உள்ளதா, மழுங்கியுள்ளதா. கூராக இருந்தால் அது அதிக தூரம் உருண்டு வரவில்லை. சுற்றிலும் ஒரு மீட்டர் சதுரத்துக்குள் எத்தனை செதில்கள் என்று எண்ணிவிட்டால் இன்னும் நல்லது.

இந்தத் தகவலைத் தமிழ்நாடு அரசு தொல்லியல் துறைக்கோ பூண்டியில் உள்ள அதன் அகழ்வைப்பகத்துக்கோ (அருங்காட்சியகம்) அனுப்புங்கள். பொதுவெளியில் இடத்தைச் சொல்ல வேண்டாம்; அடுத்த வாரமே சாக்குப் பையோடு ஆள் வருவார். 1972ஆம் ஆண்டுத் தொல்பொருள் சட்டப்படி உரிமம் இல்லாமல் தொல்பொருள் வணிகம் செய்வதும், தனியார் அதை வெளிநாட்டுக்கு அனுப்புவதும் குற்றம்.

பொறுக்குபவர்களைவிடப் பெரிய இழப்பு சவுடு, கிராவல் குவாரிகளால்தான். ஜேசிபி சரளை அடுக்கையே லாரியில் ஏற்றிவிடுகிறது; சாலைக்குப் போட்ட சரளையில் கைக்கோடாரி கிடைத்தால் எந்தக் குழி என்று கேட்டு எழுதி வைப்பது தவிர வேறு வழியில்லை. பாதுகாக்கப்பட்ட நினைவுச்சின்னங்களைச் சுற்றி 100 மீட்டருக்குக் கட்டுமானமும் குவாரியும் கூடாது என்ற மத்தியச் சட்டம், பட்டியலில் ஏறாத ஓடைக்கரைகளுக்குப் பொருந்தாது. அனுமதி கொடுக்கும் முன், ஒரு மழைக்குப் பிறகு அந்த நிலத்தைத் தெரிந்த ஒருவர் நடந்து பார்த்தாலே பல இடங்கள் தப்பும். தோண்டியே ஆக வேண்டுமென்றால் குழியின் ஒரு மூலையில் இரண்டு மீட்டர் அகலத்துக்கு மண்சுவரை மேலிருந்து அடிவரை வெட்டாமல் விடலாம். பின்னால் வருபவர் குழாய் இறக்க ஓர் இடமாவது மிஞ்சும்.