எஞ்செறும்பு

"சித்தப்பா, இது சீனிப் போத்தலுக்குள் புகுந்து தொல்லை தரும் எறும்பா?" வெள்ளவத்தையில் இருக்கும் என் பெறாமகள் ஒரு கையேட்டை நீட்டிக் கேட்டாள். அதில் 'தொல்லெறும்பு' என்று போட்டிருந்தது. இல்லை பிள்ளை, இது உன் குசினிப் பக்கம் எட்டியும் பார்க்காத எறும்பு. ஆனால் இந்தப் பெயரை நான் காண்பது இது மூன்றாவது முறை. பொறுத்தது போதும்.

கையேடு சொல்வது அனூரெட்டஸ் சிமோனி என்னும், இலங்கைக்கே உரிய பொன்மஞ்சள் எறும்பை. ஆங்கிலத்தில் 'ரெலிக்ட்' எறும்பு. இலத்தீனில் 'பின்னே விடப்பட்டது' என்று பொருள். கைம்பெண்ணையும் ஆங்கிலேயர் ஒருகாலத்தில் இச்சொல்லால் குறித்தார்கள். வேர் அவ்வளவுதான். இதை 'ரெலிக்' என்ற பங்காளிச் சொல்லோடு குழப்பி 'நினைவுச்சின்ன எறும்பு' என்று எழுதியவர்களோடு வாதாட எனக்கு நேரமில்லை.

என் வழக்கு தொல்லெறும்போடுதான். காதில் தொல்லை முந்திக்கொள்வது சிறு குறை. பெரிய குறை பொருளில் இருக்கிறது. 'தொல்' என்றால் பழமை. பழமை போதுமென்றால் எல்லா எறும்பும் தொல்லெறும்புதான். எறும்புக் குலமே பத்துக் கோடி ஆண்டுகளுக்கு முற்பட்டது. கரப்பானின் பரம்பரை அதற்கும் மூத்தது, அதை ஒருவரும் ரெலிக்ட் என்பதில்லையே. இந்த எறும்பின் உபகுடும்பத்தில் உயிரோடு இருப்பது இந்த ஓர் இனம் மட்டுமே. உறவினரைப் பார்க்க வேண்டுமானால் பால்டிக் அம்பர் என்னும் கல்லாகிப்போன மரப்பிசினுக்குள்ளும் அமெரிக்கக் கொலராடோப் பாறைகளிலும் புதைபடிவங்களாகத்தான் பார்க்கலாம். இதுவோ நம் ஈரக்காட்டில், உக்கிய மரத்துண்டுக்குள், சிறிய குடியிருப்பாக, கொடுக்கோடும் இரு அளவு வேலைக்காரிகளோடும் வாழ்ந்துகொண்டிருக்கிறது. 1893இல் இத்தாலியப் பூச்சியியலாளர் எமெரி பெயர் வைத்தார். 1955இல் அமெரிக்க எறும்பு ஆய்வாளர் எட்வர்ட் வில்சன் இரத்தினபுரிப் பக்கம் தேடிப் பிடித்த பிறகே அதன் வாழ்க்கை தெரியவந்தது. சுற்றம் எல்லாம் அழிய இது மிஞ்சியது என்பதல்லவா செய்தி? அதை விட்டுவிட்டு வயதைச் சொல்லும் பெயர் எதற்கு?

'எச்ச எறும்பு' என்பார் என் நண்பர் ஒருவர். தூய தமிழ், சரியான வேர்: எஞ்சுவது எச்சம். இலக்கணம் படித்தவருக்குப் பெயரெச்சம் நினைவுக்கு வரும். மற்ற எல்லோருக்கும் காகம்தான் வரும். ஆகவே எஞ்செறும்பு என்கிறேன். வினைத்தொகை. எஞ்சிய எறும்பு, எஞ்சுகின்ற எறும்பு, எஞ்சும் எறும்பு. மிகக் கடுமையாக அருகிவிட்டதாகப் பட்டியலிடப்பட்ட உயிருக்கு அந்த மூன்றாவது காலம் பொருந்துமா என்பது அது வாழும் இரத்தினபுரிப் பக்கத்துக் கிலிமலைக் காட்டைப் பொறுத்தது.

கட்டெறும்பு, முசுறு, பிள்ளையார் எறும்பு என்று பெயர் வைத்தவர்கள் குனிந்து எறும்பைப் பார்த்தார்கள். இன்றைய மொழிபெயர்ப்பாளர் பையில் 'தொல்', 'நுண்', 'பேர்' என்று மூன்று முன்னொட்டுகள் எப்போதும் தயாராக இருக்கின்றன. எது கையில் அகப்படுகிறதோ அதை ஒட்டிவிட்டு அடுத்த பக்கத்துக்குப் போய்விடுகிறார்.

பெறாமகள் கொப்பியில் 'எஞ்செறும்பு' என்று எழுதிக்கொண்டு போனாள். ஆசிரியர் அதைச் சிவப்பு மையால் வெட்டி, 'தொல்லெறும்பு' என்று திருத்தி அனுப்பியிருக்கிறார்.