லைசென்ஸ் அட்டையில் இருக்கும் தேதியைப் பாருங்கள்

விபத்து வழக்கு என்று பாளையங்கோட்டையில் என்னைத் தேடி வருகிறவர்களிடம் நான் முதலில் கேட்பது வண்டி ஓட்டியவரின் லைசென்ஸ். எஃப்.ஐ.ஆர்., ஆர்.சி., இன்ஷூரன்ஸ் பாலிசி எல்லாம் அப்புறம்தான். முக்கால்வாசிப் பேர் சட்டைப் பையிலிருந்து உடனே எடுத்து நீட்டிவிடுவார்கள். அட்டை பத்திரமாக இருக்கும், அதில் உள்ள தேதி முடிந்து போயிருக்கும். "அதான் லைசென்ஸு இருக்குலா, வக்கீலய்யா?" என்று கேட்பார்கள். அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லும்போது எனக்கே மனசு கனத்துப்போகும். அட்டை கையில் இருப்பதை நீதிமன்றம் பார்க்காது. விபத்து நடந்த நாளில் அது செல்லுபடியானதா என்றுதான் பார்க்கும்.

செலவுக்குப் பயந்து புதுப்பிக்காமல் விட்டதாகப் பலர் சொல்கிறார்கள். அதனால் செலவையே முதலில் சொல்லிவிடுகிறேன். மத்திய மோட்டார் வாகன விதிகளில் 32ஆம் விதி இந்தக் கட்டணங்களைப் பற்றியது. 2016 டிசம்பரில் திருத்திய கணக்கின்படி எல்.எல்.ஆர். என்கிற பழகுநர் உரிமத்துக்கு வண்டி வகை ஒன்றுக்கு 150 ரூபாய், அதற்கான தேர்வுக்கு 50 ரூபாய். ஓட்டிக் காட்டும் தேர்வுக்கு வகைக்கு 300. லைசென்ஸ் வழங்க 200. உரிய காலத்தில் புதுப்பிக்கவும் அதே 200தான். பைக், கார் இரண்டுக்கும் சேர்த்து எடுத்தாலும் விதியில் உள்ள தொகை ஏறக்குறைய 1200 ரூபாய். அதன்மேல் மாநில அரசின் சேவைக் கட்டணம் கொஞ்சம் சேரும். எட்டு போடும்போது காலை ஊன்றிவிட்டால் ஏழு நாள் கழித்து மறுபடி 300 கட்டிப் போட வேண்டும். மூன்று முறை தவறினால் 60 நாள் காத்திருக்க வேண்டும்.

ஆனால் நம் ஊர்க்காரர்கள் கையை விட்டுப் போகும் பணம் இதைவிடப் பல மடங்கு. அதில் டிரைவிங் ஸ்கூலுக்குக் கொடுப்பதை நான் குறை சொல்ல மாட்டேன். கார் இல்லாத வீட்டுப் பிள்ளை வேறு எங்கே பழகும்? இரட்டை பிரேக் வைத்த வண்டியில், பக்கத்தில் ஆள் உட்கார்ந்து சொல்லிக்கொடுப்பதற்குக் கொடுக்கும் காசு நல்ல காசு. ஆர்.டி.ஓ. அலுவலக வாசலில் நின்று "நீங்க வரவே வேண்டாம், நான் பார்த்துக்கிடுதேன்" என்கிற இடைத்தரகருக்குக் கொடுப்பதுதான் வீண். அதைவிட மோசம், அப்படி வாங்கியது போலி லைசென்ஸாக இருந்துவிடுவது. காப்பீட்டு நிறுவனம் வழக்கில் முதல் வேலையாக ஆர்.டி.ஓ. அலுவலகப் பதிவேட்டை வரவழைக்கும். அங்கே அந்த எண்ணில் வேறு பெயர் இருந்தால் ஓட்டியவருக்கு வாய் திறக்க இடமில்லை.

இன்னொரு செலவை யாரும் கணக்கில் சேர்ப்பதில்லை. களக்காட்டிலிருந்தோ ராதாபுரத்திலிருந்தோ கூலி வேலையை விட்டுவிட்டு வருகிறவருக்கு ஒவ்வொரு நடையும் ஒரு நாள் சம்பளம். இந்தக் கஷ்டம் இப்போது கொஞ்சம் குறைந்திருக்கிறது. ஆதார் இணைத்திருந்தால் எல்.எல்.ஆர்., புதுப்பித்தல், முகவரி மாற்றம், நகல் அட்டை ஆகியவற்றுக்குப் மத்திய அரசின் பரிவாகன் இணையதளத்திலேயே விண்ணப்பிக்கலாம். எல்.எல்.ஆருக்குப் பக்கத்து இ-சேவை மையத்திலும் விண்ணப்பிக்க முடியும். 40 வயது தாண்டியவர்களுக்கு மட்டும் படிவம் 1ஏ-வில் மருத்துவர் சான்று வேண்டும். அதற்காகக் கண் பரிசோதனைக்குப் போய், அங்கேதான் தனக்குப் பார்வை மங்கியிருப்பதைத் தெரிந்துகொண்டவர்களும் உண்டு.

சரி, இந்தத் தேதி விஷயத்தை இப்போது ஏன் இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன் என்றால், ஒரு காரணம் இருக்கிறது. 2019க்கு முன் சொந்த வண்டிக்கான லைசென்ஸை 20 வருடத்துக்குக் கொடுத்தார்கள், அல்லது 50 வயது வரைக்கும், இரண்டில் எது முன்னால் வருகிறதோ அதுவரை. 2000களின் நடுவில், கல்லூரிக் காலத்தில் எட்டு போட்டு வாங்கிய லைசென்ஸுகள் எல்லாம் வரிசையாக முடிகிற காலம் இது. வாங்கும்போது 20 வருடம் என்பது ஆயுளுக்கும் சேர்த்து வாங்கியது மாதிரித் தோன்றியிருக்கும். அப்புறம் யாரும் எடுத்துப் பார்ப்பதில்லை. இப்போதைய சட்டத்தில் 30 வயதுக்குள் வாங்கினால் 40 வயது வரை, 30க்கும் 50க்கும் இடையில் என்றால் பத்து வருடம், 50க்கும் 55க்கும் இடையில் என்றால் 60 வயது வரை, அதற்கு மேல் ஐந்தைந்து வருடம்.

இன்னொரு மாற்றமும் அந்த 2019 திருத்தத்தில்தான் வந்தது. முன்பெல்லாம் காலம் முடிந்த பிறகும் 30 நாள் லைசென்ஸ் செல்லும். அந்தச் சலுகையை எடுத்துவிட்டார்கள். தேதி முடிந்த மறுநாளே நீங்கள் லைசென்ஸ் இல்லாதவர். ஒரு வருடத்துக்குள் புதுப்பிக்கலாம்தான், ஆனால் புதுப்பித்த நாளிலிருந்துதான் அது செல்லும். நடுவில் போன நாட்களுக்குப் பின்தேதியிட்டு யாரும் லைசென்ஸ் தர மாட்டார்கள். ஒரு வருடமும் தாண்டிவிட்டால் மறுபடி ஓட்டிக் காட்ட வேண்டும்.

அந்த நடுவில் விபத்து நடந்தால் என்ன ஆகும்? சோதனையில் பிடித்தால் 5000 ரூபாய் அபராதம், அவருக்கு வண்டியைக் கொடுத்த உரிமையாளருக்கும் 5000. இது எல்லோருக்கும் தெரியும். பெரிய அடி வேறு இடத்தில் இருக்கிறது. "இன்ஷூரன்ஸ் கட்டியிருக்கம்லா, கம்பெனி பார்த்துக்கிடும்" என்று நம்பித்தான் எல்லோரும் இருக்கிறார்கள். அடிபட்டவர் எம்.சி.ஓ.பி. என்கிற விபத்து இழப்பீட்டு மனுவைத் தீர்ப்பாயத்தில் போடுவார். தீர்ப்பாயம் இழப்பீடு விதிக்கும், மனுப் போட்ட நாளிலிருந்து வட்டியும் சேரும். நம் பக்கத்தில் பெரும்பாலும் 7.5 சதவீதம். ஓட்டியவருக்குச் செல்லுபடியான லைசென்ஸ் இல்லை என்று நிரூபணமானால், 2004இல் ஸ்வரண் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த வழிப்படி, காப்பீட்டு நிறுவனம் முதலில் பணத்தைக் கட்டிவிட்டு வண்டி உரிமையாளரிடமிருந்து வசூலித்துக்கொள்ளலாம் என்று உத்தரவாகும். நாங்கள் இதை 'பே அண்ட் ரெக்கவரி' என்போம். சில வழக்குகளில் கம்பெனியை முழுதாகவே விடுவித்து, எல்லாவற்றையும் உரிமையாளர் தலையில் வைத்துத் தீர்ப்பு வருவதும் உண்டு.

அதோடு ஊரில் எல்லோரும் வழக்கு முடிந்தது என்று மறந்துவிடுவார்கள். பல மாதம் கழித்து உரிமையாளர் வீட்டுக்கு, தீர்ப்புத் தொகையை வசூலிக்கப் போடும் நிறைவேற்று மனுவின் நோட்டீஸ் வரும். மச்சினனுக்கு ஒரு மணி நேரம் வண்டி கொடுத்ததற்காக, ஆற்றுப் பாசனத்து வயலை ஜப்தி செய்ய மனு வந்து நின்ற குடும்பத்தை எனக்குத் தெரியும். அடிபட்டவர் குடும்பத்துக்குப் பணம் போய்ச் சேர வேண்டும் என்பதில் எனக்கு இரண்டாவது கருத்து இல்லை. 200 ரூபாய்க் கட்டணத்தில் தீர்ந்திருக்க வேண்டியது, இரண்டு தலைமுறை உழைத்து வாங்கிய நிலத்தில் வந்து விடிகிறதே என்பதுதான் என் ஆதங்கம்.

இதைவிட வேதனை தருவது ஒன்று உண்டு. சொந்த வண்டியை ஓட்டிப் போய்த் தானே விழுந்து இறந்தவரின் வீடு. பாலிசியில் உரிமையாளர்-ஓட்டுநருக்கு 15 லட்சம் ரூபாய் தனிநபர் விபத்துக் காப்பீடு என்று ஒரு வரி இருக்கும். அதற்கெனத் தனியாகப் பிரீமியமும் கட்டியிருப்பார்கள். அந்தப் பணம் கிடைக்க அவரிடம் செல்லுபடியான லைசென்ஸ் இருந்திருக்க வேண்டும் என்பது நிபந்தனை. கணவரை இழந்து, பீடி சுற்றிப் பிள்ளைகளை வளர்க்கும் ஒரு பெண்ணிடம் "லைசென்ஸ் முடிஞ்சு நாலு மாசமாச்சும்மா, அதனால கம்பெனி தர மறுக்குது" என்று விளக்கியிருக்கிறேன். எதிரே வண்டி ஏதும் இல்லாத விபத்து என்பதால் வேறு யார் மீதும் வழக்குப் போடவும் வழியில்லை. அந்த அம்மா என்னிடம் கேட்டது, "இதெல்லாம் அவுகளுக்கு யாரும் சொல்லலியே" என்பதுதான். இந்தக் கட்டுரையை எழுத உட்கார்ந்ததே அதற்காகத்தான்.

வளைகுடாவில் இருப்பவர்கள் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும். மேலப்பாளையம், கடையநல்லூர் பக்கம் இது நிறைய நடக்கிறது. அங்கே இருக்கும்போது இங்குள்ள லைசென்ஸ் முடிந்துவிடும். இரண்டு மாத விடுப்பில் வந்ததும் மாப்பிள்ளை வீடு, கல்யாணம், குற்றாலம் என்று குடும்பத்தோடு காரில் சுற்றுவார்கள். தேதி முடிவதற்கு ஒரு வருடம் முன்னாலேயே புதுப்பிக்கச் சட்டம் இடம் தருகிறது. கிளம்பும் முன் பாஸ்போர்ட் தேதியைப் பார்க்கும்போது இதையும் பார்த்து, அடுத்த விடுப்புக்குள் முடிவதாக இருந்தால் அப்போதே விண்ணப்பித்துவிடுங்கள்.

குட்டியானையில் வாழைத்தாரும் காய்கறியும் ஏற்றி ஓட்டுகிறவர்களுக்கு ஒரு நல்ல செய்தி. 7500 கிலோ மொத்த எடைக்கு உட்பட்ட சரக்கு வண்டியை இலகு ரக வாகன லைசென்ஸ் வைத்திருப்பவரே ஓட்டலாம், தனி ஒப்புதல் வேண்டாம் என்று 2024 நவம்பரில் உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு உறுதி செய்துவிட்டது. வண்டி முதலாளிகள் வேலைக்குச் சேர்க்கும்போதே டிரைவரின் லைசென்ஸை வாங்கிப் பார்த்து, நகல் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். உரிய கவனம் எடுத்தீர்கள் என்று காட்ட அந்த நகல்தான் சாட்சி.

பிளஸ் டூ படிக்கும் பையனிடம் பைக் சாவியைக் கொடுக்கும் பெற்றோருக்கும் ஒரு வார்த்தை. 18 வயது ஆகாதவர் ஓட்டிக் குற்றம் நடந்தால், 199ஏ பிரிவின்படி பெற்றோர் அல்லது உரிமையாளருக்கு மூன்று வருடம் வரை சிறையும் 25,000 ரூபாய் அபராதமும் உண்டு. வண்டியின் பதிவு 12 மாதத்துக்கு ரத்தாகும். பையனுக்கு 25 வயது வரை லைசென்ஸ் கிடைக்காது. டிரைவர் வேலை, டெலிவரி வேலை எதையும் அதுவரை அவன் நினைத்துப் பார்க்க முடியாது.

லைசென்ஸ் முடிந்த நிலையில் விபத்து நடந்துவிட்டால், தயவுசெய்து ஆளை மாற்றாதீர்கள். "அண்ணன்கிட்ட லைசென்ஸ் இருக்கு, அவன் ஓட்டினான்னு சொல்லிருவோம்" என்று ஸ்டேஷனிலேயே யாராவது யோசனை சொல்வார்கள். நான்கு வழிச்சாலை டோல்கேட்டிலும் பெட்ரோல் பங்கிலும் கேமரா இருக்கிறது. மருத்துவமனை விபத்துப் பதிவேட்டில் காயம்பட்டவர் பெயர் இருக்கிறது. பொய் வெளிப்பட்டால் லைசென்ஸ் பிரச்சினையோடு குற்ற வழக்கும் சேர்ந்து, அண்ணனும் மாட்டுவார். நடந்ததை நடந்தபடி சொல்லிவிட்டு, முடிந்துபோன அந்தப் பழைய அட்டையைத் தூக்கி எறியாமல் வக்கீலிடம் கொண்டுபோய்க் கொடுங்கள். லைசென்ஸே வாங்காதவருக்கும், வருடக்கணக்கில் முறையாக வைத்திருந்து புதுப்பிக்கத் தவறியவருக்கும் வித்தியாசம் உண்டு. அந்தத் தவறுதான் விபத்துக்கு அடிப்படைக் காரணமா என்று தீர்ப்பாயத்தின் முன் வாதாட, அந்த அட்டை எங்களுக்கு வேண்டும்.