மக்ரேக்கர் சேறு பூசுபவர் அல்ல

அமெரிக்க வரலாற்றைத் தமிழில் எழுதுபவர்கள், ஊழல்களை அம்பலப்படுத்திய பத்திரிகையாளர்களைக் குறிக்கும் 'மக்ரேக்கர்' (muckraker) என்ற சொல் வந்ததும் யோசிக்காமல் 'சேற்றை வாரி இறைப்பவர்' என்று போட்டுவிடுகிறார்கள். படித்துப் படித்து அலுத்துவிட்டது.

'மக்' என்பது எரு, தொழுவத்துக் குப்பை. 'ரேக்' அதை வாரும் கருவி. ஆங்கில எழுத்தாளர் ஜான் பன்யன் எழுதிய 'மோட்சப் பிரயாணம்' என்ற கதையின் இரண்டாம் பாகத்தில் (1684), குனிந்த தலை நிமிராமல் குப்பை வாரும் ஒருவன் வருகிறான். தலைக்கு மேல் ஒருவர் நீட்டும் கிரீடம்கூட அவன் கண்ணில் படுவதில்லை. 1906 ஏப்ரல் 14 அன்று அதிபர் தியோடர் ரூஸ்வெல்ட், ஊழல்களை அம்பலப்படுத்திய பத்திரிகையாளர்களை அவனோடு ஒப்பிட்டுப் பேசினார். பத்திரிகை முதலாளி ஹெர்ஸ்டின் காஸ்மோபாலிட்டன் இதழில் செனட்டைத் தாக்கி டேவிட் கிரஹாம் பிலிப்ஸ் எழுதிய தொடர் அவரை எரிச்சலூட்டியிருந்தது.

சரி, சேற்றுக்கு வருவோம். தமிழில் சேற்றை வாரி இறைப்பது என்றால் அவதூறு செய்வது. அந்தப் பத்திரிகையாளர்களில் ஒருவரான ஐடா டார்பெல் செய்தது அதுவா? ஸ்டாண்டர்ட் ஆயில் என்ற எண்ணெய் நிறுவனம் பற்றி 1902 முதல் மெக்ளூர்ஸ் இதழில் அவர் எழுதியவை நீதிமன்ற ஆவணங்களைத் தோண்டி எடுத்தவை. 1911இல் உச்ச நீதிமன்றமே அந்த நிறுவனத்தை உடைக்க உத்தரவிட்டது. ரூஸ்வெல்ட்கூட அவர்களைப் பொய்யர்கள் என்று ஒட்டுமொத்தமாக ஒதுக்கவில்லை; அவர்கள் சமூகத்துக்குத் தேவை, ஆனால் எங்கே நிறுத்துவது என்று தெரிந்திருக்க வேண்டும் என்றார். நாவலாசிரியர் அப்டன் சின்கிளேர் சிகாகோ இறைச்சிக் கூடங்களைப் பற்றி எழுதியதும் ஆள் அனுப்பி விசாரித்தவர் ரூஸ்வெல்ட்தான். அதே 1906இல் ஜூன் 30ஆம் தேதியே இறைச்சிப் பரிசோதனைச் சட்டத்தில் கையெழுத்தும் போட்டார். திட்டுவதும் பயன்படுத்திக்கொள்வதும் ஒரே ஆள்! 'சேறு' இதில் பாதியை விழுங்கிவிடுகிறது.

தூய தமிழ் அன்பர்களின் 'புலனாய்வு இதழாளர்' எதிர்ப்பக்கம் சறுக்குகிறது. 'ரூஸ்வெல்ட் அவர்களைப் புலனாய்வு இதழாளர்கள் என்று சாடினார்' என்று எழுதிப் பாருங்கள். சாடலா அது, பாராட்டுப் பத்திரம்.

'குப்பைகிளறி' என்பேன். மரங்கொத்தி, மீன்கொத்தி போல இயல்பான அமைப்பு. கிராமத்தில் குப்பை என்றால் எருவும்தான். வயலுக்குக் குப்பை அடிக்கிறோம். 'பழசைக் கிளறாதே' என்று அதட்டுவதில் ரூஸ்வெல்ட்டின் எரிச்சலும் கிடைத்துவிடுகிறது. உள்ளே ஏதோ கிடக்கிறது என்பதையும் அந்த அதட்டலே ஒப்புக்கொள்கிறது.

இன்னும் சிலர் 'மஞ்சள் பத்திரிகையாளர்' என்கிறார்கள். அது 1890களில் புலிட்சரும் ஹெர்ஸ்டும் விற்பனைக்காகப் போட்டி போட்டு ஊதிய செய்திகளுக்கு வந்த பெயர். தமிழிலோ மஞ்சள் பத்திரிகை என்றால் ஆபாச ஏடு. டார்பெல்லை அந்த வரிசையில் நிறுத்துகிற மொழிபெயர்ப்பாளர்கள் அகராதியைப் பார்த்தார்களே தவிர, அவர் எழுதியதில் ஒரு பக்கத்தையாவது புரட்டியிருக்கமாட்டார்கள்.