ஓவனில் எதுவும் காணாமல் போகாது

போன திங்கட்கிழமை காலை ஆறரை மணிக்கு டயாலிசிஸ் பிரிவிலிருந்து அழைப்பு. "உங்க ஆன்ட்டிதான். பொட்டாசியம் 7.2." ஆன்ட்டி என்று நாங்கள் கூப்பிடுவது எங்களிடம் டயாலிசிஸுக்கு வருகிற ஒரு அம்மாவை. இந்தக் குளிர்காலத்தில் இப்படி வருவது இது நான்காவது. இரத்தத்தில் பொதுவாக 5-ஐ ஒட்டி இருக்கவேண்டிய எண் அது. 6.5-ஐத் தாண்டினாலே நாங்கள் ஓட ஆரம்பித்துவிடுவோம். 7.2 என்றால் இதயம் எப்போது தாளம் தப்பும் என்று யாராலும் சொல்ல முடியாது. ஆன்ட்டியோ கட்டிலில் சாய்ந்துகொண்டு, காலில் கொஞ்சம் பலமில்லை, மற்றபடி நல்லாத்தான் இருக்கிறேன் என்றார்.

"ஞாயிறு என்ன சாப்பிட்டீங்க?"

"ஒண்ணுமில்லம்மா, வெறும் காய்தான். மட்டன் பக்கமே போகல. மருமக ஓவன்ல ரோஸ்ட் பண்ணித் தந்தா. உப்புகூட நல்ல உப்பு."

மருமகளிடம் கேட்டேன். பாவம், அந்தப் பெண் அத்தையின் உடம்புக்கு நல்லது என்று நம்பித்தான் செய்திருக்கிறாள். தோலோடு உருளைக்கிழங்கு, சர்க்கரைவள்ளி, பீட்ரூட், கேரட், இங்கே தென்னாப்பிரிக்காவின் டர்பனில், சாட்ஸ்வொர்த் பங்களாதேஷ் மார்க்கெட்டில் வாங்கிய மதும்பி (சேப்பங்கிழங்கு) இரண்டு. வறுத்துப் பொடித்த சீரகமும் தனியாவும், பட்டை, சுக்கு. ஒரு பெரிய கப் ஆரஞ்சுச் சாற்றை அடுப்பில் சுண்டவைத்து மேலே ஊற்றி, 200 டிகிரியில் ஓரம் கருகும்வரை ரோஸ்ட். அவள் சொல்லச் சொல்ல எனக்கே பசித்தது. நல்ல சமையல்தான். நோய் இல்லாத வீட்டில் நானே செய்வேன். சிறுநீரகம் ஒழுங்காக வேலை செய்கிறவர்கள் தாராளமாகச் சாப்பிடுங்கள், இந்தக் கட்டுரை உங்களுக்கு இல்லை. பொட்டாசியத்தைக் குறைக்கச் சொல்லியிருக்கிற சிறுநீரக நோயாளிகளுக்கும், முக்கியமாக டயாலிசிஸில் இருப்பவர்களுக்கும், அவர்களுக்குச் சமைத்துப் போடுகிறவர்களுக்கும்தான் எழுதுகிறேன்.

அந்தத் தட்டைக் கொஞ்சம் கூட்டிப் பார்ப்போம். தோலோடு ரோஸ்ட் செய்த உருளை 150 கிராமில் ஏறக்குறைய 800 மில்லிகிராம் பொட்டாசியம். அதே அளவு சர்க்கரைவள்ளியில் 700. பீட்ரூட் 100 கிராமில் 300. ஆரஞ்சுச் சாறு அரைக் கப் போயிருந்தால் 240. மதும்பியையும் கேரட்டையும் நான் இன்னும் தொடவே இல்லை, அதற்குள் 2000 தாண்டிவிட்டது. டயாலிசிஸ் நோயாளிகள் பலருக்கு ஒரு நாள் முழுவதற்குமே 2000 முதல் 2500 வரைதான் அனுமதிக்கிறோம்.

இதைச் சொன்னால் உடனே வரும் பதில்தான் எனக்குத் தலைவலி. "ஓவன்ல அவ்வளவு சூட்டுல வேகுதே, அதெல்லாம் எரிஞ்சு போயிடாதா?"

போகாது. போகவே போகாது. இதைப் பல வருஷமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறேன், இன்னொரு தடவை சொல்கிறேன். சூட்டில் அழிவது வைட்டமின் சி மாதிரியான சமாச்சாரம். பொட்டாசியம் தங்கம், இரும்பு மாதிரி ஒரு தனிமம். உங்கள் ஆயா பாத்திரம் தேய்த்தாரே, விறகுச் சாம்பல், ஞாபகம் இருக்கிறதா? மரம் முழுக்க எரிந்து தீர்ந்த பிறகும் அந்தச் சாம்பலில் பொட்டாசியம் உட்கார்ந்திருக்கும். பொட்டாசியம் என்ற பெயரே பொட்டாஷ் என்ற சாம்பல் உப்பிலிருந்து வந்ததுதான். நம் முன்னோர்கள் வெட்டிய கரும்புக்கு இன்றைக்கும் மூட்டை மூட்டையாகப் போடுகிற உரமும் அதே பொட்டாஷ். கட்டையே சாம்பலான நெருப்பில் போகாதது உங்கள் வீட்டு ஓவனில் முக்கால் மணி நேரத்தில் போய்விடுமா? ஓவனில் போவது தண்ணீர் மட்டும். கிழங்கு சுருங்கும், பொட்டாசியம் அப்படியே இருக்கும். அதாவது ஒரு வாய் ரோஸ்ட்டில் ஒரு வாய் அவித்த கிழங்கைவிட அதிகம். ஏர் ஃபிரையரும் அப்படித்தான், மைக்ரோவேவும் அப்படித்தான். எண்ணெய் குறைந்தது என்று சந்தோஷப்படலாம், அதற்கு மேல் ஒன்றுமில்லை.

பொட்டாசியம் வெளியேற ஒரே வழி, அது தண்ணீரில் கரைந்து அந்தத் தண்ணீரைக் கீழே கொட்டுவது. அதற்குத் தோல் சீவி, சின்னச் சின்னத் துண்டாக வெட்டி, நிறையத் தண்ணீரில் கொதிக்கவைத்து வடிக்கவேண்டும். உருளைத் துண்டுகளில் ஏறக்குறைய பாதி இப்படிப் போய்விடும். துருவி வேகவைத்தால் இன்னும் அதிகமாகப் போகும். ராத்திரி முழுக்கப் பச்சைத் தண்ணீரில் ஊறவைத்தேன் என்கிறவர்களுக்கு: ஊறவைத்தால் மட்டும் போகிற அளவு சொற்பம். இன்னும் சிலர் நான் சொன்னபடியே அவித்துவிட்டு, சத்து வீணாகக்கூடாது என்று அந்தத் தண்ணீரிலேயே ரசம் வைத்துவிடுகிறார்கள். கும்பிட்டுக் கேட்டுக்கொள்கிறேன், வேண்டாம்.

மசாலாவைப் பற்றிப் பலர் பயந்துபோய்க் கேட்கிறார்கள். சீரகம், தனியா, பட்டை, கிராம்பு, மிளகு எல்லாம் சிட்டிகைக் கணக்கில் ஒன்றும் செய்யாது. உப்பைக் குறைக்கச் சொல்லும்போது வாய்க்கு ருசி தருவது இவைதானே. (பட்டைப் பொடியை மாத்திரையாக விழுங்கினால் சர்க்கரை குறையும் என்று யாராவது விற்றால் வாங்காதீர்கள். அது வேறு கதை, இன்னொரு நாள் திட்டுகிறேன்.) எலுமிச்சைத் தோலைத் துருவிப் போட்டு, கடைசியில் ஒரு தேக்கரண்டி சாறு பிழிந்தால் அதுவும் ஒன்றுமில்லை. வம்பு வருவது ஆரஞ்சுச் சாறு கப் கணக்கில் ஊற்றும்போதுதான். சுண்டவைத்தால் இனிப்பு கூடுகிற மாதிரியே பொட்டாசியமும் சேர்ந்து திரளும்.

நார்ச்சி, அதாவது தோல் சுலபமாக உரிகிற சின்ன ஆரஞ்சு, அதன் காலம் வேறு வந்துவிட்டது. நம் நாரத்தைதான் ஆஃப்ரிகான்ஸ் வாயில் நார்ச்சி ஆனது என்று அகராதிகள் சொல்கின்றன, அதனால் உங்களுக்கு அதன்மேல் உரிமை அதிகம் என்பது எனக்குப் புரிகிறது. ஒன்று சாப்பிடுங்கள். சின்னதாக. குளிர்கால வெயிலில் உட்கார்ந்து பேசிக்கொண்டே பையைக் காலி செய்யாதீர்கள்.

சர்க்கரை நோயும் சேர்ந்து இருப்பவர்கள் ஒன்றைக் கவனிக்கவேண்டும். சர்க்கரை தாழ்ந்தால் ஆரஞ்சுச் சாறு குடிக்கச் சொல்லி யாரோ எப்போதோ சொல்லியிருப்பார்கள். சிறுநீரக நோயாளிக்கு அது வேண்டாம். மூன்று தேக்கரண்டி சர்க்கரையைத் தண்ணீரில் கரைத்துக் குடித்தால் அதே வேலை நடக்கும். அப்புறம், ரோஸ்ட் செய்த சர்க்கரைவள்ளி அவித்ததைவிட இரத்தச் சர்க்கரையை வேகமாக ஏற்றும். கிழங்கு ஒன்றுதான், சமைத்த விதம்தான் வேறு.

இனி அந்த "நல்ல உப்பு". டப்பாவைக் கொண்டுவரச் சொன்னேன். சோடியம் குறைந்தது என்று முன்பக்கம் பெரிதாகப் போட்டிருந்தது. பின்பக்கம் எறும்பு எழுத்தில் பொட்டாசியம் குளோரைடு. இந்த வகை உப்பில் ஒரு தேக்கரண்டிக்கு 1000 மில்லிகிராமுக்கு மேல் பொட்டாசியம் இருப்பவை உண்டு. பிரஷர் மட்டும் உள்ள, சிறுநீரகம் சரியாக இருக்கிற பலருக்கு இது நல்ல மாற்று, டாக்டரைக் கேட்டுக்கொண்டு போட்டுக்கொள்ளலாம். டயாலிசிஸ் வீட்டில் இது இருக்கவே கூடாது. ரோஸ்ட்டுக்கென்று விற்கிற மசாலா பாக்கெட்டிலும் பாருங்கள். பொட்டாசியம் குளோரைடு என்று எழுதாமல் 508 என்று எண் மட்டும் இருந்தாலும் அதேதான்.

இதெல்லாம் ஏன் எப்போதும் திங்கட்கிழமையே வெடிக்கிறது? திங்கள், புதன், வெள்ளி டயாலிசிஸ் என்றால் வெள்ளிக்குப் பிறகு மூன்று நாள் இடைவெளி. அதன் நடுவில்தான் குடும்பமே கூடுகிற ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாடு. விருந்து சாப்பிட்டே ஆகவேண்டும் என்றால் அந்த மூன்று நாள் இடைவெளியில் வேண்டாம், இரண்டு நாள் இடைவெளி விழுகிற வாரநாளில் எங்களைக் கேட்டுவிட்டு அளவாக வைத்துக்கொள்ளுங்கள். மலச்சிக்கல் இருந்தாலும் பொட்டாசியம் ஏறும், வெட்கப்படாமல் சொல்லுங்கள். எனலாப்ரில், ஸ்பைரனோலாக்டோன் போன்ற பிரஷர் மாத்திரைகளும் ஏற்றும். அதற்காக நீங்களாக நிறுத்திவிடாதீர்கள், இரத்தப் பரிசோதனையைத் தள்ளிப்போடாதீர்கள், அவ்வளவுதான். கால் துவண்டால், படபடப்பு வந்தால், திங்கள்வரை காத்திருக்கவேண்டாம், ஞாயிறு ராத்திரியே ஆஸ்பத்திரிக்குப் போங்கள். பல பேருக்கு எந்த அறிகுறியும் இல்லாமலேயே இதயம் நின்றுபோகிறது என்பதையும் சொல்லித்தான் ஆகவேண்டும்.

கோபப்படுகிறேன் என்று நினைக்கவேண்டாம். இந்த நாட்டில் அரசு ஆஸ்பத்திரியில் டயாலிசிஸ் இடம் கிடைப்பது எவ்வளவு கஷ்டம் என்று வயதானவர்களுக்குத் தெரியும். டயாலிசிஸ் கேட்டு இங்கே டர்பனிலிருந்து போன சூப்ரமணி என்ற நோயாளியின் வழக்கில், இயந்திரங்கள் போதாத நிலையில் எல்லோருக்கும் டயாலிசிஸ் தரும்படி அரசைக் கட்டாயப்படுத்த முடியாது என்று அரசியல் சாசன நீதிமன்றம் 1997-இல் தீர்ப்புச் சொன்னது. இன்றைக்கும் இடத்துக்காகக் காத்திருப்பவர்கள் இருக்கிறார்கள். அப்படிக் கிடைத்த நாற்காலியை ஒரு ட்ரே கிழங்குக்காகப் பணயம் வைப்பதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

ஆன்ட்டியின் மருமகளுக்கு நான் எழுதிக்கொடுத்தது இதுதான். ஐந்து கிழங்கு வேண்டாம், அந்த வாரத்துக்கு ஒன்று. தோல் சீவி, கட்டைவிரல் நகம் அளவுக்கு வெட்டி, பெரிய பாத்திரத்தில் பத்து நிமிஷம் கொதிக்கவைத்து வடி. கூடவே வெங்காயம், குடைமிளகாய் சேர், இவற்றில் பொட்டாசியம் குறைவு. கொஞ்சம் எண்ணெய், சீரகம், தனியா, பட்டை போட்டுப் பிரட்டி ஓவனில் வை. வெந்த கிழங்கின் மேல் மாவு பூத்திருப்பதால் இன்னும் மொறுமொறுப்பாக வரும், நம்பு. எடுத்தபின் எலுமிச்சைத் தோல் துருவல். ஆன்ட்டி தட்டில் அரைக் கப், மீதி மற்றவர்களுக்கு.

அடுத்த திங்கள் 5.3 வந்தது. ருசி எப்படி என்று கேட்டேன். "நல்லாத்தான் இருக்கு. ஆனா அவ்வளவு தண்ணியையும் சிங்க்ல கொட்ட மனசு வரலம்மா." ஆறவைத்துக் கொல்லையில் இருக்கிற கறிவேப்பிலை மரத்துக்கு ஊற்றுகிறாராம். ஊற்றட்டும், அதுவும் பொட்டாஷ்தானே.